நகரத்தைப் பற்றிய புத்தகத்தில் உழவனுக்கு என்ன இருக்கிறது?

போன மாதக் கூட்டம் முடிந்து டீ குடித்துக்கொண்டிருந்தோம். என் பையிலிருந்து எட்டிப் பார்த்த புத்தகத்தை உருவிப் புரட்டிய தம்பி ஒருவர், "என்னண்ணே, டவுன் பிளானிங்கா? மண்புழுவைப் பத்திப் படிச்சாலாவது வயலுக்கு ஆவும். நமக்கு எதுக்கு இது?" என்று சிரித்தார். டீ ஆறுவதற்குள் சொல்லி முடிக்கிற பதில் இல்லை அது. அதனால் இங்கே எழுதுகிறேன்.

காஞ்சிபுரம் டவுன் முடிகிற இடத்தில் எனக்கு மூன்று ஏக்கர். முடிகிற இடம் என்பது பத்து வருடத்துக்கு முந்தைய கணக்கு. இப்போது மூன்று பக்கமும் மனைக்கல் நட்டாகிவிட்டது. எட்டு வருடமாக ரசாயனம் இல்லாமல் கிச்சிலிச் சம்பாவும் உளுந்தும் போடுகிறேன். ஏரி மதகிலிருந்து வருகிற வாய்க்கால்தான் உயிர். பக்கத்து மனைப்பிரிவுக்குச் சாலை போட்டபோது அந்த வாய்க்காலை இரண்டு சிமெண்டுக் குழாய்க்குள் அடைத்தார்கள். அந்த ஐப்பசியில் மழை நன்றாகவே பெய்தது, ஏரியும் நிரம்பியது. ஆனால் என் வயலுக்கு ஏரித் தண்ணீர் வரவில்லை. கடைசியில் வந்தபோது வந்தது சாக்கடை. எட்டு வருடம் மண்ணைப் பார்த்துப் பார்த்து வளர்த்தவன், வரப்புக்கு வெளியே என்ன நடக்கிறது என்று ஒருநாளும் பார்க்கவில்லையே என்பது அன்றைக்குத்தான் உறைத்தது.

மகள் கட்டடக்கலை படித்தவள். அவள் அலமாரியிலிருந்து ஒரு பழைய புத்தகத்தை எடுத்து, "இதைப் படிச்சுப் பாருங்கப்பா, இதுல நம்ம ஊர் இருக்கு" என்று கொடுத்தாள். 'பேட்ரிக் கெடிஸ் இன் இந்தியா' என்று பெயர். இந்திய ஊர்களைப் பற்றி கெடிஸ் எழுதிக் கொடுத்த அறிக்கைகளிலிருந்து தொகுத்து, 1947இல் லண்டனில் வெளியிட்டது. இங்கிலீஷ் எனக்குத் தட்டுத்தடுமாறித்தான் வரும். அகராதியும் மகளுமாக இரண்டு மாதம் ஆனது.

கெடிஸ் ஸ்காட்லாந்துக்காரர், தாவரவியல் பேராசிரியர். செடியைப் படித்தவர் நகரத்தைப் படிக்க வந்தார் என்பதே எனக்குப் பிடித்துப்போனது. அப்போதைய சென்னை கவர்னர் பெண்ட்லண்ட் பிரபு அழைப்பில் 1914இல் இங்கே வந்தார். நகரங்களைப் பற்றி அவர் சேர்த்து வைத்திருந்த கண்காட்சிப் படங்கள் வேறொரு கப்பலில் வந்தன. அந்தக் கப்பலை மூழ்கடித்தது யார் தெரியுமா? நம் சென்னை மேல் குண்டு போட்ட அதே எம்டன்! மனிதர் சளைக்கவில்லை. மறுபடி படங்களைச் சேர்த்து 1915இல் சென்னையில் கண்காட்சி வைத்தார். மாகாணத்து ஊர்களைச் சுற்றிப் பார்த்து அறிக்கை எழுதினார். அதில் ஒன்று காஞ்சிபுரம்.

கோயில்களைப் பார்த்து வியக்காத வெள்ளைக்காரர் இல்லை. கெடிஸ் வியந்தது கோயில்களை மட்டும் அல்ல, ஊரின் அமைப்பை. இவ்வளவு விசாலமாக, இவ்வளவு ஒழுங்காக அமைந்து, இன்னும் பிழைத்திருக்கிற வேறு ஊரைச் சொல்ல முடியவில்லை என்கிற அளவுக்கு எழுதிவிட்டார். நாம் அந்த ராஜவீதிகளில் தினமும் நடக்கிறோம், வண்டி நிறுத்த இடமில்லை என்று சண்டை போடுகிறோம். தேர் திரும்ப வேண்டும் என்பதற்காக வீதி அகலமாக இருந்தது. பிள்ளையார்பாளையத்தில் விடியற்காலையில் தெரு நீளத்துக்குப் பாவை விரித்துக் கஞ்சி போட வேண்டும் என்பதற்காகத் தெரு நேராக இருந்தது. மழைநீர் போய்ச் சேர ஒரு குளம் இருந்தது. ஊரின் தொழிலும் திருவிழாவும் தண்ணீரும் சேர்ந்து தெருவை வரைந்திருக்கின்றன.

அவரிடமிருந்து நான் எடுத்துக்கொண்டவை இரண்டு. முதலாவது, ஆபீசில் உட்கார்ந்து வரைபடத்தில் கோடு போடாதே, முதலில் ஊரை நடந்து பார் என்பது. நெருக்கடியான தெருக்களை இடித்துத் தள்ளி நேர் ரோடு போடுகிற திட்டங்களை அவர் எதிர்த்தார். நல்ல வைத்தியர் போலக் கொஞ்சமாக வெட்டி, மிச்சத்தைக் காப்பாற்று என்றார். கொசு வருகிறது, குளத்தைத் தூர்த்துவிடலாம் என்று கிளம்பியவர்களிடம், தானே ஊர் அறிக்கையில், குளத்தில் மீனையும் வாத்தையும் விடுங்கள், குளம் ஊரைக் குளிர்விக்கிறது என்று எழுதினார். நூறு வருடத்துக்கு முன்னால்!

இரண்டாவது, பள்ளத்தாக்குப் படம். மலை உச்சியிலிருந்து கடல் வரை ஒரு ஆற்றின் குறுக்குவெட்டை வரைந்து, சுரங்கக்காரன், விறகுவெட்டி, வேட்டைக்காரன், மேய்ப்பன், உழவன், மீனவன் என்று ஒவ்வொருவரையும் அவரவர் இடத்தில் நிறுத்துவார். நகரம் இவர்கள் எல்லோராலும் ஆனது, ஆற்றைப் பார்க்காமல் நகரத்தைப் பார்க்காதே என்பது அதன் பொருள். இதைப் பாலாற்றுக்குப் போட்டுப் பார்த்தேன். நந்தி மலைப் பக்கம் பிறக்கிறது. வாணியம்பாடி, ஆம்பூரில் தோல் பதனிடும் ஆலைகள். அந்தக் கழிவு பற்றிய வழக்கில்தான் 1996இல் உச்ச நீதிமன்றம், மாசு செய்தவரே ஈடு கொடுக்க வேண்டும் என்ற தீர்ப்பைச் சொன்னது. கீழே வந்தால் மணல் அள்ளிய பள்ளம், ஆற்றுக்குள் குடிநீர்க் கிணறுகள், அந்தத் தண்ணீர் சென்னைப் புறநகர் வரை. திருமுக்கூடலில் வேகவதியும் செய்யாறும் வந்து சேர்கின்றன. வேகவதி கொண்டுவந்து சேர்ப்பது என்ன என்று காஞ்சிபுரத்துக்காரர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. அந்தப் படத்தில் என் மூன்று ஏக்கர் ஒரு புள்ளி. ஆனால் அந்தப் புள்ளிக்கு மேலேயும் கீழேயும் ஆள் இருக்கிறார்கள் என்று தெரிந்தது.

அடுத்துப் படித்தது எபனேசர் ஹோவார்ட். நம் ஆட்கள் ஹோவார்ட் என்றதும் கம்போஸ்ட் ஆல்பர்ட் ஹோவார்டை நினைப்பார்கள். அவர் வேறு, இவர் வேறு. இவர் சுருக்கெழுத்தர், 1898இல் தோட்ட நகரம் என்ற யோசனையைப் புத்தகமாக எழுதியவர். இன்றைக்கு 'கார்டன் சிட்டி' என்று போர்டு வைத்து மனை விற்கிறார்களே, அந்தப் பெயர் இங்கிருந்து வந்ததுதான். விற்கிறவர்கள் புத்தகத்தைத் திறந்து பார்த்திருந்தால் பெயரை மாற்றியிருப்பார்கள். அவர் கணக்கு இது: மொத்தம் 6,000 ஏக்கர். அதில் வீடு, கடை, பள்ளி எல்லாம் 1,000 ஏக்கருக்குள். மிச்சம் 5,000 ஏக்கர் விளைநிலம், அதில் எந்தக் காலத்திலும் வீடு கட்டக் கூடாது. மக்கள் தொகை 32,000. ஊர் நிரம்பிவிட்டால் அந்த விளைநிலத்தைத் தாண்டி வேறொரு ஊர் கட்ட வேண்டும். ஊர்க் கழிவு அந்த நிலத்துக்கே உரமாகத் திரும்ப வேண்டும். நிலம் தனி ஆளுக்குச் சொந்தமில்லை. ஊர் வளர்வதால் ஏறுகிற நில மதிப்பு ஊருக்கே சேர வேண்டும்.

கடைசி வரியில்தான் நமக்கு உரைக்கும். நம் வயலின் விலை ஏறுவது நாம் உழுததால் அல்ல, பக்கத்தில் ரோடு வந்ததால். அந்த ஏற்றம் இடைத்தரகருக்குப் போகிறது, வாய்க்கால் அடைபட்ட நஷ்டம் மட்டும் நமக்கு வருகிறது.

5,000 ஏக்கர் என்றதும் வேறொன்று ஞாபகம் வந்தது. நம் மாவட்டத்தில் பரந்தூர் விமான நிலையத்துக்கு 2022இல் அறிவிப்பு வந்தது. ஏகனாபுரம் உட்பட 13 கிராமங்கள், 5,000 ஏக்கருக்கு மேல். அதில் ஏரியும் வாய்க்காலும் சேர்த்தி. ஒரு ஊருக்குச் சோறு போட இவ்வளவு நிலம் வேண்டும் என்று ஹோவார்ட் ஒதுக்கிய அதே அளவு நிலம். அந்தக் கிராமத்து மக்கள் ஏன் விடாமல் போராடுகிறார்கள் என்று கேட்கிற டவுன்காரர்களிடம் நான் இந்த ஒரு கணக்கைத்தான் சொல்கிறேன்.

கழிவு திரும்புவதைப் பற்றிச் சொன்னேன் அல்லவா, அதற்கு எஃப். எச். கிங் எழுதிய 'ஃபார்மர்ஸ் ஆஃப் ஃபார்ட்டி செஞ்சுரீஸ்' படிக்க வேண்டும். 1911இல் வந்தது. நம் இயக்கத்தில் பலரும் கேள்விப்பட்டிருப்பீர்கள். அதை விவசாயப் புத்தகம் என்று வைத்திருக்கிறோம். எனக்கு அது நகரப் புத்தகமாகவும் தெரிகிறது. ஷாங்காயின் வெளிநாட்டார் குடியிருப்பில் மலக்கழிவை எடுக்கும் உரிமையை 1908இல் ஒரு ஒப்பந்தக்காரர் 31,000 டாலர் கொடுத்து வாங்கினாராம். 78,000 டன். கழிவை எடுத்துப்போக நாம் காசு கொடுக்கிறோம். அங்கே எடுக்கிறவர் காசு கொடுத்தார், ஏனென்றால் அது வயலுக்குப் போனது.

என் தாத்தாவும் டவுனிலிருந்து மாட்டுவண்டியில் குப்பை ஏற்றிவந்து கோடை உழவுக்கு முன்னால் நிலத்தில் கொட்டியவர்தான். சாம்பல், இலை, சாணி, தெருக்கூட்டிய மண். ஆனால் அந்தக் காலத்தைப் பொற்காலம் என்று நான் சொல்ல மாட்டேன். மலத்தை அள்ளியது யார், எந்தத் தெருவிலிருந்து வந்தவர்கள், அவர்களை ஊர் எப்படி நடத்தியது என்பது நமக்குத் தெரியும். 1993இலும் 2013இலும் சட்டம் போட்டுத்தான் அதைத் தடுக்க வேண்டியிருந்தது. கிங் இதைப் பற்றி யோசிக்கவில்லை. நாம் யோசிக்காமல் இருக்க முடியாது. மண்ணுக்குத் திரும்ப வேண்டும், மனிதன் தலையில் சுமந்து அல்ல.

கெடிஸ் 1918இல் இந்தூருக்குக் கொடுத்த அறிக்கையிலும் இதே பேச்சு வருகிறது. கழிவைத் தண்ணீரில் அடித்து ஆற்றில் விடுவதைவிடத் தோட்டத்துக்குக் கொண்டுபோவது மேல் என்கிறார். அதே இந்தூரில்தான் 1924 முதல் 1931 வரை ஆல்பர்ட் ஹோவார்ட் இந்தூர் முறை மக்கை உருவாக்கினார். 1940இல் எழுதிய 'ஆன் அக்ரிகல்ச்சரல் டெஸ்டமென்ட்' புத்தகத்தில் ஊர்க் கழிவை மக்காக்குவதற்கென்றே ஒரு அத்தியாயம் வைத்தார். செடி படித்தவர் நகரத்துக்கு வந்தார், மண் படித்தவரும் நகரக் குப்பையில் வந்து நின்றார்.

இன்றைக்கு நடக்குமா என்று கேட்டால், கொல்கத்தாவைப் பாருங்கள். நகரத்துச் சாக்கடை கிழக்குப் பக்கம் ஏரிகளுக்குப் போய், வெயிலும் பாசியும் சுத்தம் செய்ய, மீனும் காய்கறியும் நெல்லுமாகத் திரும்புகிறது. சுமார் 12,500 ஹெக்டேர். மீனவர்களும் உழவர்களும் தலைமுறையாகச் செய்துவந்ததை துருபஜோதி கோஷ் என்ற பொறியாளர் வாழ்நாள் முழுக்கப் படித்து எழுதினார். 2002இல் அது ராம்சர் பட்டியலில் சேர்ந்தது. ஆனால் இதைப் படித்துவிட்டு யாரும் சாய நீரை வயலுக்குத் திருப்பிவிடாதீர்கள். சாயமும் ஆலைக் கழிவும் கலந்த தண்ணீர் வேறு கதை.

நான் செய்வது சின்னது. சின்ன காஞ்சிபுரத்தில் இரண்டு சாப்பாட்டுக் கடைகளின் வாழை இலை, காய்கறி நறுக்கல், வாரம் ஒருமுறை. பிளாஸ்டிக் இருந்தால் எடுக்க மாட்டேன் என்று முதல் நாளே சொல்லிவிட்டேன். மூன்று மாதத்தில் அவர்களே பிரித்து வைக்கப் பழகிவிட்டார்கள். மூன்று பங்கு இலைக்கு ஒரு பங்கு சாணி, மூன்று முறை புரட்டல், 90 நாளில் மக்கு. மாலைப் பூவைச் சேர்ப்பதில்லை. பூவில் எவ்வளவு மருந்து அடிக்கிறார்கள் என்று பூ விவசாயிகளைக் கேட்டால் சொல்வார்கள். 2019இல் அத்திவரதர் வெளியே வந்த 48 நாளும் டவுனில் குவிந்த இலையைப் பார்த்தபோது, அதில் கால்வாசியை நம் பக்கம் திருப்பியிருந்தால் என்று மனசு அடித்துக்கொண்டது. முன்கூட்டியே கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை.

எல்லாப் புத்தகமும் நல்லதில்லை. பளபளப்புத் தாளில் கண்ணாடிக் கட்டடத்து மேல் செடி வைத்த படம் போட்டு வருகிறவற்றில், சாப்பாடு எங்கிருந்து வருகிறது என்று ஒரு பக்கம் இருக்கிறதா பார்ப்பேன். இல்லையென்றால் மூடிவிடுவேன். ஜேன் ஜேக்கப்ஸ் என்ற அம்மா தெருவைப் பற்றி அருமையாக எழுதியவர். 1969இல் எழுதிய இன்னொரு புத்தகத்தில், நகரம்தான் முதலில் வந்தது, விவசாயம் அதற்குப் பிறகு அங்கிருந்து வந்தது என்கிறார். மகள் அதற்கு வக்காலத்து வாங்குவாள். நான் ஒத்துக்கொள்வதில்லை. அரிசி தீர்ந்த நாளில் பேசிக்கொள்ளலாம் என்று விட்டிருக்கிறோம்.

தம்பி கேட்டது 'எதுக்கு' என்று. வயலுக்கு வெளியே நடப்பதைப் படிக்கக் கற்றுக்கொள்ளத்தான். சென்னைப் பெருநகர எல்லை 1,189 சதுர கிலோமீட்டரிலிருந்து 5,904 ஆக 2022இல் விரிந்தது. நம் மாவட்டத்துப் பகுதிகளும் அதில் வருகின்றன. அந்த எல்லைக்கு வெளியே இருக்கிற ஊர்களுக்கும் முழுமைத் திட்டம் வரும். மாஸ்டர் பிளான் என்றால் புரியும். 1971ஆம் வருடத்து நகர் ஊரமைப்புச் சட்டப்படி, எந்த நிலம் குடியிருப்பு, எது தொழில், எது வேளாண்மை என்று அதில் நிறம் பிரிப்பார்கள். வரைவை வெளியிட்டு ஆட்சேபம் கேட்பார்கள். அந்தக் கெடுவுக்குள் எழுத்தில் கொடுப்பதைத்தான் கணக்கில் எடுக்க முடியும். நாம் பெரும்பாலும் ஜேசிபி வந்த பிறகு போய் நிற்கிறோம்.

அதனால் இப்போதே செய்யக்கூடியதைச் செய்துகொண்டிருக்கிறேன். கிராம நிர்வாக அலுவலரிடம் 'அ' பதிவேட்டைப் பார்த்து, எங்கள் ஏரியிலிருந்து வருகிற வாய்க்கால் எந்தெந்த சர்வே எண்ணில் வாய்க்கால் புறம்போக்கு என்று இருக்கிறது என எழுதிக்கொண்டேன். புலப்படத்தில் அகலம் இருக்கிறது. டேப்பைப் பிடித்துக்கொண்டு நானும் இரண்டு பக்கத்து வயல்காரர்களும் மதகிலிருந்து நடந்தோம், கெடிஸ் சொன்னபடி. புலப்படத்தில் பன்னிரண்டு அடி இருக்கிற இடத்தில் தரையில் குழாய் மூன்றடி. இன்னொரு இடத்தில் வாய்க்காலே இல்லை, காம்பவுண்டுச் சுவர் இருக்கிறது. தேதி போட்டுப் போட்டோ எடுத்து வைத்திருக்கிறோம். மகள் அதை ஒரே தாளில் வரைபடமாகப் போட்டுத் தருகிறேன் என்றிருக்கிறாள். அடுத்த கூட்டத்துக்கு அந்தத் தாளைக் கொண்டுவருகிறேன். அந்தத் தம்பியும் தன் ஊர்ப் புலப்படத்தோடு வரட்டும், டீ நான் வாங்கித் தருகிறேன்.