மின்கட்டணத் தகராறும் தீர்வு முறையும்

நெசவாளர் வீட்டில் மின் இணைப்புத் துண்டிக்கப்பட்டால் அணைவது விளக்கு மாத்திரமன்று. தார் சுற்றும் மோட்டாரும் நிற்கிறது, இரவு வேலையும் நிற்கிறது. அதனால் வாரக் கூலியில் ஏற்படும் குறைவை எவரும் ஈடு செய்வதில்லை. இவ்வச்சத்தினால், எதிர்பாராத பெருந்தொகைக்குக் கட்டணம் விதிக்கப்பட்டதும் சில அங்கத்தினர்கள் கடன் வாங்கி முழுவதையும் செலுத்திவிட்டு வாளாவிருக்கின்றனர். வேறு சிலர் அலுவலகத்தில் வாக்குவாதம் செய்துவிட்டு, ஒன்றும் செலுத்தாமல் வீடு திரும்புகின்றனர். இவ்விரண்டிற்கும் இடையே சட்டம் வகுத்துள்ள நடுவழி ஒன்றுண்டு.

முதலாவதாக, சங்கத்தின் பாஸ் புத்தகத்தைச் சரிபார்ப்பது போலவே மின்கணக்கையும் சரிபார்த்தல் வேண்டும். மீட்டரில் இன்று காணும் எண், கணக்கீட்டாளர் குறித்த எண், முந்தைய எண் ஆகிய மூன்றையும் ஒப்பிடுக. இரு கணக்கெடுப்புகளுக்கும் இடைப்பட்ட நாட்களையும் எண்ணுக. ஏனெனில், 2022 செப்டம்பரில் நடைமுறைக்கு வந்த வீட்டுக் கட்டண முறைப்படி, இரு மாத உபயோகம் 500 யூனிட்டைக் கடந்தால் 101 முதல் 200 வரையுள்ள யூனிட்டுகளுக்குரிய குறைந்த விகிதம் கிடைப்பதில்லை. கணக்கெடுப்புச் சில நாட்கள் தாமதித்தாலும் தொகை வெகுவாக உயரக்கூடும். கைத்தறியாளருக்கு இரு மாதங்களுக்கு 200 யூனிட்டாயிருந்த இலவச மின்சாரம் 2023ஆம் ஆண்டில் 300 யூனிட்டாகவும், விசைத்தறியாளருக்கு 750 யூனிட்டாயிருந்தது 1000 யூனிட்டாகவும் உயர்த்தப்பட்டன. தகுதியுள்ளோர் அச்சலுகை தம் கணக்கில் கழிக்கப்பட்டுள்ளதா என்றும் பார்த்தல் வேண்டும்.

அடுத்து, மெயின் ஸ்விட்சைப் போட்டு, எல்லாக் கருவிகளையும் நிறுத்திவிட்டு மீட்டரைக் கவனிக்கவும். அதன் சிவப்பு விளக்கு அப்போதும் விட்டு விட்டு மின்னினால், வீட்டு வயரிங்கில் கசிவு இருக்கக்கூடும். மெயின் ஸ்விட்சையே அணைத்த பின்னும் மின்னினால், மீட்டரையோ அதன் இணைப்பையோ ஐயுற வேண்டும்; உரிய கட்டணம் செலுத்தி மீட்டரைப் பரிசோதிக்கக் கோரலாம். மீட்டர் பழுதென்று கண்டால், உபயோக நிலைமை மாறாதிருக்கும் பட்சத்தில், முந்தைய நான்கு மாத சராசரியைக் கொண்டு அக்காலத்து உபயோகத்தைக் கணக்கிட வேண்டும் என்பது தமிழ்நாட்டு மின் வழங்கல் விதித்தொகுப்பின் முறை.

இனி, இணைப்பைக் காப்பாற்றும் வழி யாது? 2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 56ஆவது பிரிவின்படி, கட்டணம் செலுத்தாதவரின் இணைப்பைத் துண்டிக்கு முன் எழுத்து மூலம் முழுமையாக 15 நாள் அறிவிப்புக் கொடுத்தல் வேண்டும். மேலும், தகராறு தீரும் வரையில், கேட்கப்பட்ட தொகை, முந்தைய ஆறு மாதங்களில் செலுத்திய கட்டணத்தின் சராசரிப்படி வரும் தொகை ஆகிய இரண்டில் எது குறைவோ அதனை ஆட்சேபத்துடன் செலுத்தினால் இணைப்பைத் துண்டிக்கலாகாது.

உதாரணமாக, ஓர் அங்கத்தினருக்கு இரு மாதக் கட்டணமாக ரூ. 9,600 வந்துள்ளதெனக் கொள்வோம். முந்தைய மூன்று தவணைகளில் அவர் செலுத்தியவை ரூ. 900, ரூ. 1,050, ரூ. 1,050, ஆக மொத்தம் ரூ. 3,000. மாத சராசரி ரூ. 500. எனவே இரு மாதங்களுக்கு ரூ. 1,000 செலுத்தி, "ஆட்சேபத்துடன் செலுத்துகிறேன்" என்று கடிதத்தில் எழுதிக் கொடுத்து, ரசீதும் ஒப்புதலும் பெற வேண்டும். வாய்ச் சொல்லுக்குச் சாட்சியில்லை, எழுத்துக்கு உண்டு.

மனுவை முதலில் பிரிவு அலுவலகத்தில் கொடுக்கவும். அங்கே பரிகாரம் கிட்டாவிடின், மின் பகிர்மான வட்டந்தோறும் உள்ள மின் நுகர்வோர் குறைதீர்க்கும் மன்றத்தை அணுகலாம். அதன் உத்தரவும் திருப்தியளிக்காவிடின், 30 நாட்களுக்குள் மின்குறை தீர்ப்பாளரிடம் முறையிடலாம். இவ்விடங்களுக்கு வக்கீல் வைத்தே தீர வேண்டுமென்பதில்லை. கணக்குத் தெளிவாயிருத்தலே வேண்டும்.

விவசாய அங்கத்தினர்கள் ஓர் எச்சரிக்கையை மனத்திற் கொள்க. இலவச விவசாய இணைப்பிலிருந்து வீட்டிற்கோ கடைக்கோ மின்சாரம் இழுப்பது அனுமதியற்ற உபயோகமாகும். 126ஆவது பிரிவின்படி அதற்கு இரு மடங்கு விகிதத்தில் தொகை விதிக்கப்படும். அத்தகைய விவகாரம் குறைதீர்க்கும் மன்றத்திற்குச் செல்லாது. தொகையை முடிவு செய்த இறுதி உத்தரவின் மேல் 30 நாட்களுக்குள், விதித்த தொகையிற் பாதியைச் செலுத்தியே மேல்முறையீடு செய்ய இயலும்.

படிப்பறிவு குறைந்த அங்கத்தினருக்கு இம்மனுவை எழுதித் தருவது சங்கத்தின் காரியதரிசிக்கு அரை மணி நேர வேலை. அவ்வரை மணி நேரம் ஒரு குடும்பத்தின் தறியை நிற்கவிடாமற் காக்கும். ஒவ்வொரு சங்கமும் இப்பணியைத் தன் கடமைகளுள் ஒன்றாகக் கொள்ளுமாக. அங்கத்தினர்களும் கடந்த ஆறு மாத ரசீதுகளை இன்றே தேடி எடுத்து, ஒரே இடத்தில் பத்திரப்படுத்துவார்களாக.