முத்திரையிலுள்ள திகதி

கலிபோர்னியாவிலுள்ள உறவினர் கடையை விற்க அற்றோர்ணித் தத்துவம் அனுப்பினால், அங்குள்ள நொத்தாரிசின் முத்திரையில் நியமனம் முடிவடையும் திகதியும் இருக்கும். அத்திகதி கடந்துவிட்டதென்று சொல்லி ஒருவர் என் பேரத்தையே குழப்பப் பார்த்தார். அத்தாட்சிப்படுத்திய நாளில் நியமனம் இருந்திருந்தால் போதும். பின்னர் முடிந்தாலும் பாதகமில்லை.

அங்கே நியமனம் 4 வருடங்களுக்கே. புதுப்பித்தல் என்பது பெயருக்குத்தான். மீண்டும் பரீட்சை, விரலடையாளம், 15,000 டொலர் பிணைமுறி! காலம் முடியுமுன் விண்ணப்பித்தால் 3 மணிநேரப் பயிற்சி, பிந்தினால் 6 மணிநேரம். புதிய நியமனம் தொடங்கி 30 நாட்களுக்குள் கவுண்டி அலுவலகத்தில் சத்தியப்பிரமாணமும் பிணைமுறியும் பதியாவிட்டால் அது செல்லாது. பழையது முடிந்து புதியது பதியப்படாத இடைவெளியில் வைத்த முத்திரைதான் ஆபத்து. பத்திரம் கிடைத்ததும் இரு திகதிகளையும் ஒப்பிட்ட பின்னரே முற்பணம் கொடுங்கள்.