தசையின் இரகசியம் கண்ட பெண்மணி

கையை மடக்கினால் புஜம் திரளுகிறது, நீட்டினால் தளர்கிறது. இது தசையின் வேலை என்பதைக் குழந்தையும் அறியும். ஆனால் தசை எவ்விதம் சுருங்குகிறது என்பது நெடுங்காலம் புதிராகவே இருந்தது. அப்புதிரை விடுவித்தவர்களுள் ஒருவர் ஜீன் ஹான்சன் என்னும் ஆங்கிலப் பெண்மணி.

1919-ஆம் ஆண்டு டெர்பிஷயரில் பிறந்தார். சிறு குழந்தையாயிருந்தபோதே தந்தையை இழந்தார். ஆசிரியையாகப் பணியாற்றிய தாயார் அவரை வளர்த்துப் படிக்க வைத்தார். இலண்டன் பெட்ஃபோர்டு கல்லூரியில் விலங்கியல் பயின்று, 1941-இல் முதல் வகுப்பில் தேறினார். அது யுத்த காலம். கல்லூரியே கேம்பிரிட்ஜுக்கு இடம்பெயர்ந்திருந்தது. ஆராய்ச்சி தடைப்பட்டது. டாக்டர் பட்டம் பெறப் பத்தாண்டுகள் ஆயின. 1951-இல்தான் அது கைகூடியது. ஆயினும் அம்மையார் மனம் தளரவில்லை.

இதனிடையே 1948-இல் கிங்ஸ் கல்லூரியில் சேர்ந்து தசையை ஆராயத் தொடங்கினார். 1953-இல் அமெரிக்காவின் எம்.ஐ.டி. கழகத்தில் ஹியூ ஹக்ஸ்லி என்பவருடன் கூடி உழைத்தார். முயல் தசையிலிருந்து பிரித்த மெல்லிழைகளை மைக்ராஸ்கோப்பில் நோக்கினால் கறுப்பும் வெளுப்புமாகப் பட்டைகள் மாறி மாறித் தெரியும். கடும் உப்புக் கரைசலில் மயோசின் என்னும் புரதத்தைக் கரைத்து நீக்கியதும் கறுப்புப் பட்டை மறைந்தது. ஆகவே மயோசின் இருப்பிடம் அதுவே எனத் தெளிந்தது. பின்னர், தசைக்கு ஆற்றல் தரும் ஏ.டி.பி. என்னும் பொருளைச் சேர்த்து இழையைச் சுருங்கச் செய்தனர். வெளுப்புப் பட்டை குறுகியது. கறுப்புப் பட்டையோ நீளம் மாறாமல் நின்றது!

புரத இழைகளே சுருண்டு குறுகுகின்றன என்று பலர் எண்ணியிருந்த காலம் அது. உண்மையில் மயோசின் இழைகளுக்கிடையே ஆக்டின் என்னும் வேறொரு புரதத்தின் இழைகள் வழுக்கிச் செல்கின்றன. அடுத்தடுத்த தண்டவாளங்களில் எதிரெதிராக வரும் இரு சரக்கு வண்டிகள் அருகருகே நெருங்கும்போது, எந்த வண்டியின் நீளமும் குறைவதில்லை. இரண்டும் சேர்ந்து அடைக்கும் தூரமே குறைகிறது. தசையின் சுருக்கமும் இத்தகையதே. 1954-இல் இம்முடிவு வெளியானபோது எல்லோரும் உடனே ஏற்றுவிடவில்லை. இன்றோ அது பாடநூல்களில் இடம்பெற்றுள்ளது.

1963-இல், ஆக்டின் இழை முறுக்கிய இரட்டை மணிச்சரம் போன்றது என்பதை ஜாக் லோவியுடன் சேர்ந்து காட்டினார். 1966-இல் பேராசிரியை, 1967-இல் ராயல் சொசைட்டி அங்கத்தினர். 1973-இல், தமது 53-ஆம் வயதில், திடீரென நோயுற்றுக் காலமானார்.

மாற்றலாகி ஊர் ஊராகச் செல்லும் நம் குடும்பங்களில் பெண்களின் படிப்பு இடையில் தடைப்படுவதுண்டு. தடைப்பட்டது முடிந்துபோனதாகாது. வயதாகிவிட்டதென்று புத்தகத்தை மூடிவைக்கச் சொல்லுமுன், பெற்றோர்களே, அந்தப் பத்தாண்டுகளைச் சற்றே எண்ணிப் பாருங்கள்.