சர்க்கரையின் மறுமுகம் கண்ட வேலூர்ப் பேராசிரியர்

சேர்வராயன் மலையடிவாரமாம் சேலத்தில் மரவள்ளிக்கிழங்கின் மாவு சவ்வரிசியாகத் திரண்டு உருள்வதை நாம் அறிவோம். மேலே ஏற்காட்டுத் தோட்டங்களில், காபிப் பழத்தின் தோலை நீக்கியதும் கொட்டைமேல் படிந்திருக்கும் வழுவழுப்பை ஊறவைத்துக் கழுவுகின்றனர். மாவும் வழுவழுப்பும் உருவில் வேறெனினும் வேதியியலார் கண்ணில் ஓரினமே. சர்க்கரையும் அதன் வழிவந்த அமிலங்களும் கோத்த சங்கிலிகள் அவை. சர்க்கரை உணவு மட்டுமன்று. நம் மூளையிலும் நரம்பிலும் அது கட்டுமானப் பொருளாகவும் நிற்கிறது. இத்துறையில் நம் நாட்டு முன்னோடிகளுள் ஒருவர் பேராசிரியர் பிமல்குமார் பச்சாவத்.

1925-இல் கல்கத்தாவில் பிறந்த அன்னார், அமெரிக்காவின் இல்லினாய்ஸ் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் பெற்றார். கல்லீரலில் கீட்டோன் பொருள்கள் உருவாகும் வழியிலுள்ள நொதியொன்றை 1955-இல் கூன் முதலியோருடன் விளக்கினார். தாயகம் திரும்பியதும் அவர் தேர்ந்த இடம் வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரி. அங்கே நரம்பு வேதியியல் ஆய்வகம் அவர் கையால் வளர்ந்தது.

நன்கு நடந்த குழந்தை தடுமாறும்; பேச்சு குன்றும்; பின்னர் படுத்த படுக்கையாகும். இக்கொடிய பரம்பரை நோயில், சர்க்கரையும் கந்தகமும் சேர்ந்த கொழுப்பொன்று மூளையின் வெண்பகுதியில் தேங்குகிறது. அதைச் சிதைக்க வேண்டிய அரைல்சல்ஃபடேஸ் நொதி குறைவதே காரணம். இதனை ஆராய்ந்து 1963-இல் வெளிவந்த கட்டுரையில் ஆஸ்டின் என்னும் அமெரிக்கருடன் பாலசுப்பிரமணியன், பட்டாபிராமன் முதலிய வேலூர்க் குழுவினரின் பெயர்களும் உள்ளன. தமிழ் மண்ணின் ஆய்வகமொன்று உலக மருத்துவத்தில் பெற்ற இடத்தை நம் மாணவர் பலர் அறியாதது வியப்பே!

தாய், தந்தை இருவரும் நலமாயிருந்தே இக்குறையை மறைவாகச் சுமக்கக்கூடும். அவ்வாறாயின் ஒவ்வொரு பேற்றிலும் நான்கில் ஒரு பங்கு நோய்க்கு வாய்ப்புண்டு. உறவுக்குள் மணம் முடிக்கும் குடும்பங்களில் இவ்வாய்ப்பு மிகும். சமயம் கடந்து இவ்வழக்கம் நம்மிடையே நிலவுவதால் பெரியோர் இதனை எண்ணிப் பார்த்தல் நன்று.

1962-இல் பட்நாகர் விருதும், 1990-இல் பத்மபூஷணும் அவரை அடைந்தன. பின்னாளில் கல்கத்தாவிலும் தில்லியிலும் பணியாற்றி 1996-இல் மறைந்தார். சர்க்கரையைப் பற்றிக்கொள்ளும் லெக்டின் புரதங்களை ஆராய்ந்து புகழ்பெற்ற அவதேஷ சுரோலியா வேலூரில் அவரிடம் பயின்றவர்.

இந்நோய்க்கான மரபணுச் சிகிச்சைக்கு 2020-இல் ஐரோப்பாவில் ஒப்புதல் கிடைத்தது. அறிகுறி முற்றுமுன் அளித்தால்தான் அது பயன்தரும். ஆதலின் மூத்த குழந்தைக்கு நோய் கண்ட வீட்டில் இளையதன் இரத்தத்தை உடனே சோதிக்கின்றனர். அங்கு அளக்கப்படுவதும் அதே நொதிதான்.