எழுத்துக்கும் ஒரு சர்வே எண்

பட்டாவில் நிலத்தின் உருவம் வரையப்படுவதில்லை. சர்வே எண்ணும் பரப்பும் குறிக்கப்படுகின்றன. உருவத்தைக் காண வேண்டுமாயின், அந்த எண்ணைக் கொண்டு புலப்படத்தைப் பார்க்கிறோம். கணினி தமிழைக் காத்து வைக்கும் முறையும் ஏறக்குறைய இதுவே. பஞ்சாயத்தின் தீர்மானங்களும் வரிப் பட்டியல்களும் கணினியில் ஏறிவரும் இந்நாளில், அங்கத்தினர்கள் இம்முறையை அறிந்திருத்தல் அவசியமாகும்.

எண் வேறு, உருவம் வேறு

கணினி எழுத்தை அறியாது. எண்ணை மட்டுமே அறியும். நாம் ‘க’ என்று தட்டெழுதினால் அதற்குரிய எண்ணே உள்ளே பதிவாகிறது. திரையில் காட்டும்போதும், காகிதத்தில் அச்சிடும்போதும், எழுத்துரு என்னும் படத்தொகுதியிலிருந்து அந்த எண்ணுக்குரிய உருவத்தை எடுத்து வரைகிறது. இதனை மனத்திற் கொண்டால் ஏனையவை எளிதில் விளங்கும்.

பழைய குழப்பம்

1963ஆம் ஆண்டில் அமெரிக்காவில் வகுக்கப்பட்ட ஆஸ்கி முறையில் 128 எண்களே இருந்தன. ஆங்கிலத்துக்கு அவை போதுமானவை. தமிழுக்கு அதில் இடமில்லை. ஆகவே தமிழ் எழுத்துரு செய்தோர் பலர், ஆங்கில எழுத்தின் எண்ணிலேயே தமிழ் உருவத்தை வரைந்து வைத்தனர். எடுத்துக்காட்டாக, ஆங்கிலச் சிறிய ‘எம்’ எழுத்தின் எண் 109. பாமினி என்னும் எழுத்துருவில் அவ்விடத்தில் ‘அ’ இருக்கும். வேறு எழுத்துருக்களில் ஏற்பாடும் வேறு. ஓர் ஊரின் சர்வே எண்ணைக் கொண்டு மற்றோர் ஊரில் நிலம் தேடினால் என்ன ஆகும்? அதுவே இங்கும் நேர்ந்தது. உரிய எழுத்துரு இல்லாத கணினியில் தமிழ்த் தீர்மானம் பொருளற்ற ஆங்கில எழுத்துக் குவியலாகத் தோன்றியது.

உலகுக்கு ஒரே ஜாபிதா

இக்குறையைப் போக்க, உலக மொழிகளின் எழுத்துக்களை ஒரே வரிசையில் எண்ணிடும் ‘யூனிகோடு’ என்னும் ஒருங்குறி தோன்றியது. 1991ஆம் ஆண்டில் வெளிவந்த அதன் முதற் பதிப்பிலேயே தமிழ் இடம்பெற்றது. தமிழுக்கு ஒதுக்கப்பட்ட இடங்கள் 128. அவற்றில் 247 எழுத்துக்கள் எங்ஙனம் அடங்கும் என்ற ஐயம் எழலாம். ‘க’வின் எண் 2965, இகரக் குறியின் எண் 3007, இரண்டும் சேர்ந்தால் ‘கி’. 2965உடன் புள்ளியின் எண்ணாகிய 3021 சேர்ந்தால் ‘க்’. ஒகரக் குறியாகிய 3018 சேர்ந்தால் ‘கொ’. அப்போது கொம்பை முன்னும் காலைப் பின்னும் இட்டு வரைவது கணினியின் பொறுப்பு.

1978ஆம் ஆண்டின் எழுத்துச் சீர்திருத்தத்துக்கு முன், ‘லை’, ‘னை’ முதலியன துதிக்கை போன்ற வளைவுடன் அச்சிடப்பட்டன. அவ்வடிவம் கொண்ட எழுத்துருவைத் தேர்ந்தால், இன்றைய கோப்பும் பழைய உருவில் தோன்றும். உள்ளிருக்கும் எண்கள் மாறுவதில்லை.

2010ஆம் ஆண்டில் தமிழ்நாடு அரசு, தமிழ்க் கணினிப் பணிகளுக்கு ஒருங்குறியை ஏற்று ஆணை பிறப்பித்தது.

பஞ்சாயத்து செய்யத்தக்கவை

ஓய்வூதியம் வேண்டுவோரின் பெயரும், வீட்டு வரி செலுத்தியோரின் பெயரும் பழைய எழுத்துருக் கோப்பில் கிடந்தால், தமிழில் தட்டித் தேடினால் அகப்படா. கோப்பைத் தயாரித்தவர் மாற்றலாகிச் சென்று, எழுத்துருவும் தொலைந்தால், பதிவு இருந்தும் பயனில்லை. ஆகவே பின்வருவனவற்றைக் கவனித்தல் நலம்.

முதலாவது, பழைய கோப்பைத் திறந்து, அதன் எழுத்துருவை மாற்றிப் பார்க்க வேண்டும். எழுத்துக்கள் ஆங்கிலமாக மாறினால் அது ஒருங்குறி அன்று.

இரண்டாவது, அத்தகைய கோப்புக்களை மாற்றி மென்பொருளின் துணையால் ஒருங்குறிக்குக் கொணரலாம். ஆயின் இடையில் உள்ள ஆங்கிலச் சொற்கள் பொருளற்ற தமிழாகிவிடக்கூடும். எனவே மூலத்துடன் வரி வரியாக ஒப்புநோக்குதல் இன்றியமையாதது. மூலக் கோப்பை அழித்தலாகாது. அச்சுப் பிரதி ஒன்றையும் பத்திரப்படுத்த வேண்டும்.

மூன்றாவது, இனி எழுதுவன யாவும் ஒருங்குறியிலேயே அமைய வேண்டும். பழகிய விசைப்பலகை முறையை இதற்காகக் கைவிட வேண்டியதில்லை. தமிழ் 99 முறையிலும் ஒருங்குறியில் தட்டெழுதலாம்.

அடுத்த கூட்டத்திலேயே பழைய கோப்புக்களின் ஜாபிதா ஒன்றைத் தயாரித்து, எவை எந்த எழுத்துருவில் உள்ளன எனக் குறித்துக்கொள்வோமாக. எழுத்துரு கைவசம் இருக்கும்போதே இப்பணியைச் செய்தல் எளிது.