களனியில் ஓடிய குவாய்

கல்முனையிலிருந்து மட்டக்களப்புக்குப் போகிறவர்கள் கல்லடிப் பாலத்தை அறிவார்கள். பாலம் என்றால் தலைமுறைகள் கடந்து நிற்க வேண்டியது. ஆனால் தகர்ப்பதற்கென்றே ஒரு பாலத்தை நம் நாட்டில் கட்டினார் ஓர் ஆங்கிலேய இயக்குநர். களனி கங்கைக்குக் குறுக்கே, கித்துல்கலவில், ஏறத்தாழ 425 அடி நீளத்தில் எழுந்த மரப்பாலம் அது. வேலைக்கு யானைகளும் உதவின. படம் ‘த பிரிட்ஜ் ஒன் த ரிவர் குவாய்’, இயக்குநர் டேவிட் லீன்.

லீன் 1908இல் லண்டனை அடுத்த குரொய்டனில் பிறந்தவர். குவேக்கர் கிறிஸ்தவக் குடும்பம்; வீட்டில் சினிமாவுக்குத் தடை. அந்தப் பிள்ளை இருபது வயதாகுமுன் ஸ்டுடியோ ஒன்றில் தேநீர் கொடுக்கும் பையனாகச் சேர்ந்து, மெல்ல மெல்லப் படத்தொகுப்பு அறைக்குள் போய்விட்டார். பின்னர் நாடகாசிரியர் நோயல் கவார்டோடு இணைந்து 1942இல் முதல் படத்தை இயக்கினார். கவார்டின் ஓரங்க நாடகமொன்று ரயில் நிலையத் தேநீர்க் கடைக்குள்ளேயே முடிந்துவிடும். லீன் அதை 1945இல் ‘பிரீஃப் என்கவுண்டர்’ ஆக்கியபோது நடைமேடையும் தண்டவாளமும் நகரமும் கதைக்குள் வந்தன. மேடைக்கு இயலாத அந்தத் தாவலைத் தருவது தொகுப்புத்தான்.

நம் கண் நொடிக்கு மூன்று முறையளவில் இடம் விட்டு இடம் தாவுகிறது. தாவும் கணத்தில் விழும் மங்கலை மூளை நமக்குக் காட்டுவதில்லை. முன்னும் பின்னும் கண்டதைச் சேர்த்து இடையறாத உலகமாகத் தருகிறது. திரையில் காட்சி சட்டென மாறியும் நாம் திடுக்கிடாததற்கு இதுவும் காரணமாகலாம் என்பது ஆய்வாளர்கள் சிலரின் எண்ணம். ரஷ்ய இயக்குநர் லெவ் குலெஷோவ் 1920 அளவிலேயே தொகுப்பின் வல்லமையைச் சோதித்தார். மொஸ்கோவில் நடக்கும் மனிதர்களோடு அமெரிக்க வெள்ளை மாளிகையின் துண்டை ஒட்டினார். இரண்டும் ஒரே ஊராயின. களனி, கதை நடக்கும் சயாமின் குவாய் ஆனதும் அப்படித்தான். அதே படத்தில் கல்கிசை ஹோட்டல் இலங்கை வைத்தியசாலையாகவே வருகிறது. ஒரே தீவு இரண்டு நாடாகத் தெரிந்தும் பார்ப்பவர் மனம் முரண்படுவதில்லை.

தொகுப்பாளராக வளர்ந்தவருக்கு ஒரு வெடிப்பைப் பல கோணங்களில் பிடித்தாக வேண்டும். ஆனால் பாலம் ஒன்றே. 1957 மார்ச் 10ஆம் தேதி, ரயில் ஓடும்போதே பாலத்தைத் தகர்ப்பதைப் பிரதமர் பண்டாரநாயக்கவும் பார்க்க வந்திருந்தார். ரயில் கிளம்பிய பிறகுதான், கமராக்காரர் ஒருவர் பாதுகாப்பான இடத்துக்குப் போய்ச் சேரவில்லை என்று தெரிந்தது. லீன் வெடியை நிறுத்தினார். ரயில் பாலத்தைக் கடந்து அக்கரையில் ஒரு ஜெனரேட்டரில் மோதியது. ரயிலைச் சீர்செய்து மறுநாள் காலை மீண்டும் ஓட்டி, பாலத்தோடு வீழ்த்தினார்கள். ஓர் உயிருக்காக அத்தனை செலவையும் பணயம் வைத்த அந்த முடிவை, படம் வென்ற 7 ஒஸ்கார் விருதுகளுக்கும் மேலாக மதிக்கிறேன்.

ஆனால் எதைக் காட்சிச் சட்டத்துக்குள் வைப்பது என்பதும் இயக்குநரின் தெரிவு. படத்தில் பாலம் கட்டுகிறவர்கள் பிரித்தானியப் போர்க்கைதிகள். 1942-43இல் ஜப்பானியர் அமைத்த உண்மையான சயாம்-பர்மா பாதையில் ஆசியத் தொழிலாளர் தொகை கைதிகளைவிட மிக அதிகம். மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுபோகப்பட்ட தமிழர் அவர்களில் ஏராளம். கொலராவிலும் பட்டினியிலும் அடியிலும் பல்லாயிரம் பேர் மடிந்தார்கள். லீனின் படத்தில் அவர்கள் இல்லை. மலேசிய எழுத்தாளர் ஆர். சண்முகத்தின் ‘சயாம் மரண ரயில்’ நாவலில் இருக்கிறார்கள். படத்தைப் பார்த்தவர்கள் அதையும் தேடிப் படிக்க வேண்டும்.