எடுக்காத லீவுக்குச் சம்பளம் உண்டா?

வவுனியாக் கடைவீதியிலே ஒரு புடைவைக் கடை. அங்கே இருபது ஆண்டுகளாகக் கணக்கெழுதி வந்த ஒருவரை நேயர்கள் மனக்கண்முன் நிறுத்திக்கொள்வார்களாக. ஒருநாட் காலை முதலாளி அவரை அழைத்து, "கணக்கப்பிள்ளை ஐயா, இனி நீங்கள் வீட்டிலிருந்து ஆறுதலாக இருக்கலாம்" என்கிறார். மேசைமீது அம்மாதச் சம்பளம்; அதனருகே ஒரு தாள். அவருக்கு 9 நாள் வருடாந்த லீவு மிச்சமிருக்கிறது. அதைக் கேட்டால், "வேலையே இல்லாதவருக்கு லீவு எதற்கு?" என்று மறுமொழி வருகிறது.

இம்மறுமொழி கேட்பதற்கு நியாயம் போலத் தோன்றும். ஆனால், லீவு என்பது யாது? 1954 ஆம் ஆண்டின் 19 ஆம் இலக்கக் கடை, காரியாலய ஊழியர் சட்டம் ஓராண்டு உழைத்தவருக்கு அதற்கடுத்த ஆண்டில் 14 நாட் சம்பளத்துடன் கூடிய வருடாந்த விடுமுறையை அளிக்கின்றது. முதலாண்டின் நடுவிலே வேலைக்குச் சேர்ந்தவராயின், சேர்ந்த மாதத்துக்கேற்ப 10, 7 அல்லது 4 நாள். எனவே இது முன்னரே செய்து முடித்த வேலைக்கான பலனேயன்றி, முதலாளியின் தயவன்று. வேலை முடிவுறும்போது அந்நாட்களை எடுக்க இடமின்றேல், அவற்றுக்குரிய சம்பளத்தைக் கொடுத்தல் வேண்டும். அவர் தாமாக விலகினாரா, விலக்கப்பட்டாரா என்பது இங்கு வழக்கே அன்று. திடீர்த் தேவைகளுக்கென ஆண்டுதோறும் தரப்படும் 7 நாட் லீவு வேறு. அதனை இதனுடன் சேர்த்துக் கணக்கிடலாகாது. பலர் இவ்விடத்திலேதான் தடுமாறுகின்றனர்.

உழைத்துத் தீர்ந்த ஊதியம் ஒரு கடன் என்னும் இக்கருத்துக்கு நம் நாட்டிலே புகழ்பெற்ற வழக்கொன்று துணை நிற்கின்றது. 1956 ஆம் ஆண்டின் அரசகரும மொழிச் சட்டத்தின் பின், சிங்களத் தேர்ச்சி பெறாத உத்தியோகத்தரின் சம்பள ஏற்றத்தை நிறுத்துமாறு 1961 இல் திறைசேரிச் சுற்றுநிருபம் பிறந்தது. எழுதுவினைஞர் செல்லையா கோடீஸ்வரன் அப்பரீட்சைக்குத் தோற்ற மறுத்தார். 1962 இல் அவருடைய ஏற்றம் நின்றது. அவர் சட்டமா அதிபர்மீது வழக்கிட்டார். 1964 இல் மாவட்ட நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்பளித்தது. 1967 இல் உயர் நீதிமன்றமோ, அரச ஊழியர் சம்பளத்துக்காக முடியின்மீது வழக்கிட இயலாது என்று அதனைப் புரட்டிற்று. 1969 டிசம்பரில் இலண்டன் கோமறைக் கழகம் இம்முடிவை ஏற்கவில்லை. முடி தன் ஊழியரை விரும்பியபோது விலக்கலாம். ஆயினும், அவர் ஏற்கெனவே உழைத்த சம்பளத்தைக் கேட்டு வழக்கிட அவருக்கு உரிமை உண்டு என்பது அதன் தீர்ப்பு. மொழிச் சட்டம் செல்லுமா என்ற பெருங் கேள்வி திருப்பி அனுப்பப்பட்டு, விடையின்றியே போயிற்று. அது நம் வரலாற்றின் ஒரு துயரம். நமக்கு இங்கு வேண்டிய பகுதியோ நிலைத்துவிட்டது.

இனி அந்த மேசைமேலுள்ள தாளுக்கு வருவோம். "நானாகவே ஓய்வு பெறுகின்றேன், எல்லாக் கணக்கும் தீர்ந்தது" என்று அதில் எழுதியிருக்கக் கூடும். வாசியாமல் ஒப்பமிடுதல் ஆபத்து. பதினைந்து பேரும் அதற்கு மேலும் வேலை செய்யும் இடங்களில், ஒழுக்காற்றுக் காரணமின்றி ஒருவரை நிறுத்துவதற்கு அவருடைய எழுத்து மூலச் சம்மதமேனும் தொழில் ஆணையாளரின் அனுமதியேனும் வேண்டும் என்பது 1971 ஆம் ஆண்டின் 45 ஆம் இலக்கச் சட்டம். அச்சம்மதத்தையே அத்தாள் பெற்றுக்கொள்கின்றது. தனியார் துறையின் குறைந்தபட்ச ஓய்வு வயதும் 2021 ஆம் ஆண்டின் 28 ஆம் இலக்கச் சட்டத்தால் 60 ஆக உயர்த்தப்பட்டது. அவ்வேளை ஓய்வை அண்மித்திருந்தோருக்கு மட்டும் 57, 58, 59 எனப் படிமுறை வகுக்கப்பட்டது. ஐந்தாண்டு நிறைந்தவருக்குப் பணிக்கொடையும் உண்டு. 15 பேருக்குக் குறையாத நிறுவனமாயின், ஆண்டொன்றுக்கு அரைமாதச் சம்பளம் வீதம், 30 நாட்களுக்குள் கொடுக்கப்படல் வேண்டும்.

வன்னி மக்களுக்கு வேறொரு சங்கடமும் உண்டு. 2009 வரை நீடித்த போரிலே கிளிநொச்சியிலிருந்தும் முல்லைத்தீவிலிருந்தும் ஊர்விட்டு ஊர் பெயர்ந்தோர் பலரின் நியமனக் கடிதமும் சம்பளச் சிட்டையும் பெட்டியோடு போயின. "நான் அங்கே வேலை செய்தேன் என்பதற்கு என்ன சாட்சி?" என்று அவர்கள் கைவிரிக்கின்றனர். ஊழியர் சேமலாப நிதியத்தை மறந்துவிடலாகாது. ஊழியரிடமிருந்து 8 சதவீதமும் முதலாளியிடமிருந்து 12 சதவீதமுமாகச் சேரும் அப்பணத்தின் கணக்கு இலங்கை மத்திய வங்கியில் இருக்கின்றது. முதலாளி பணம் கட்டிய மாதங்கள் அங்கே பதிவாகியிருக்கும். வீட்டுக் கடதாசி எரிந்துபோனாலும் அப்பதிவு எரியவில்லை. அங்கத்துவ இலக்கம் நினைவிலில்லையாயின், அடையாள அட்டையுடன் மாவட்டத் தொழில் அலுவலகத்துக்குச் சென்று விசாரிக்கலாம்.

அரசாங்க உத்தியோகத்தருக்கு இக்கடைச் சட்டம் பொருந்தாது. அவர்களுடைய லீவைத் தாபன விதிக்கோவை ஆளுகின்றது. மற்றையோர் லீவுச் சம்பளம் குறித்துத் தொழில் அலுவலகத்தில் முறையிடலாம். வேலை நீக்கமே அநியாயம் என்று கருதுவோர் தொழில் நியாய சபைக்குச் செல்லலாம். வேலை முடிவுற்ற நாளிலிருந்து 6 மாதத்துள் அங்கு விண்ணப்பம் சேர்ந்தாக வேண்டும். முதலாளியின் மனம் மாறும் என்று பொங்கலிலிருந்து ஆடிப்பிறப்புவரை காத்திருந்தவருக்கு அத்தவணை கடந்துவிட்டிருக்கும்.